கல்லூரி முதல்வர் நியமனத்தை எதிர்த்து யார் வழக்குப் போடலாம்?

சேலத்தில் ஓர் அரசுக் கல்லூரி முதல்வரின் நியமனம் விதிப்படி இல்லை என்று தோன்றினால், அரசியல் சட்டத்தின் 226-வது பிரிவின்கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் மனுப் போடலாம். 'எந்தத் தகுதியில் இந்த நாற்காலியில் இருக்கிறீர்கள்?' என்று கேட்கும் மனுவுக்குக் 'கோ வாரண்டோ' என்று பெயர். பதவி கிடைக்காமல் போனவர்தான் போட வேண்டும் என்பதில்லை. பொதுப் பதவி என்பதால் யாரும் கேட்கலாம். இதன் பலமே அதுதான்.

ஏற்காட்டின் 20 கொண்டை ஊசி வளைவுகளில் பஸ் ஓட்டுபவரிடம் லைசென்ஸ் கேட்பது போல இது. நன்றாக ஓட்டுகிறாரா என்பது வேறு கேள்வி. நீதிமன்றமும் திறமையை எடைபோடாது. யுஜிசி 2018 விதிகள் சொல்லும் பிஎச்.டி., 15 ஆண்டு அனுபவம் போன்றவை இருக்கின்றனவா என்றுதான் பார்க்கும்.

அப்புறம், பலர் பயப்படுவதுபோல, நியமனம் ரத்தானாலும் அவர் ஏற்கெனவே கையெழுத்திட்ட டி.சி. செல்லாமல் போகாது.