49 நாளில் ஒரு ஜீப்: கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

என் அக்கா மகன் எண்ணூரில் ஒரு லாரி கம்பெனியில் அப்ரண்டிஸ். புது மாடல் வண்டியை மேடு பள்ளத்தில் ஓட்டி ஓட்டி உடைப்பதற்கென்றே அங்கே ஆள் வைத்திருக்கிறார்களாம். அமெரிக்காவில் 1940இல் ராணுவ ஜீப்பை 49 நாளில் செய்து முடித்தார்கள் என்று படித்தேன். நமக்கு மட்டும் ஏன் வருஷக்கணக்கில் இழுக்கிறது?

இரா., திருவொற்றியூர்

அன்புள்ள இரா.,

49 நாள் உண்மைதான். ஆனால் அந்த நாட்களில் தயாரானது ஒரே ஒரு மாதிரி வண்டி.

1940 கோடையில் அமெரிக்க ராணுவம் 135 கம்பெனிகளைக் கேட்டது. நான்கு சக்கரமும் இழுக்க வேண்டும், எடை 590 கிலோவுக்குள் இருக்க வேண்டும், முதல் வண்டி 49 நாளில் வர வேண்டும். அந்தக் கெடுவுக்கு ஒப்புக்கொண்டது, நொடித்துக்கொண்டிருந்த பான்டம் என்ற சின்ன கார் கம்பெனி மட்டும்தான். கார்ல் ப்ராப்ஸ்ட் என்ற எஞ்சினியரை வெளியிலிருந்து அழைத்தார்கள். அவர் சில நாட்களிலேயே வரைபடத்தைக் கொடுத்துவிட்டார்.

அந்த வேகம் எங்கிருந்து வந்தது என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. பான்டம் எல்லாவற்றையும் புதிதாக வார்க்கவில்லை. எஞ்சின் கான்டினென்டல் கம்பெனியுடையது. ஸ்டூடிபேக்கர் காரின் ஆக்சிலை ஸ்பைசர் கம்பெனி மாற்றிக் கொடுத்தது. கேட்ட பாகத்தைச் செய்து தரக் கம்பெனிகளும் கைத்தேர்ச்சி உள்ளவர்களும் ஏற்கெனவே இருந்தார்கள். செப்டம்பர் 23 அன்று, கெடு முடிய அரை மணி நேரம் இருக்கும்போது வண்டி மேரிலாந்தின் ஹோலாபேர்ட் முகாமுக்குள் நுழைந்தது. எடை 800 கிலோவைத் தாண்டியிருந்தது. 590 என்பதே நடக்காத கணக்கு. ராணுவம் பிறகு வரம்பைத் தளர்த்தியது.

உங்கள் அக்கா மகன் பார்க்கிற வேலை அங்கே அப்புறம்தான் தொடங்கியது. ஏறக்குறைய 5,500 கிலோமீட்டர், பெரும்பாலும் ரோடே இல்லாத இடத்தில், அந்த வண்டியைப் போட்டு வதைத்தார்கள். எங்கே விரிசல் விடும், எந்த ஜாயின்ட் போகும் என்று தெரிய வேண்டும் அல்லவா? சண்டையில் சேற்றில் நின்றுபோகிற வண்டி உள்ளே இருக்கிறவர்களின் உயிரை வாங்கிவிடும். பிறகு வில்லிஸும் ஃபோர்டும் தங்கள் மாதிரிகளோடு வந்தன. 1941இல் மூன்று கம்பெனி வண்டிகளையும் ஆயிரக்கணக்கில் வாங்கி ஓட்டிப் பார்த்த பிறகுதான் வில்லிஸ் வண்டி தேர்வானது. அதன் எஞ்சினுக்கு 60 குதிரைத்திறன், பான்டமுடையது 45தான். உலகம் அறிந்த அந்த ஜீப் தொடர்ச்சியாகத் தயாராகத் தொடங்கியது 1941 கடைசியில். ஆக, ஒரு வருஷத்துக்கும் மேல். அதுவும் போர் நெருக்கடியில்.

முதல் வண்டியைத் தந்த பான்டமுக்குப் பெரிய ஆர்டர் கிடைக்கவே இல்லை. போர் முடியும்வரை பெரும்பாலும் டிரெய்லர் செய்துகொண்டிருந்தது. இந்த அநியாயத்தை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு ஆறுவதில்லை.

இனி நம்ம எண்ணூர். 1948இல் தொடங்கிய அசோக் மோட்டார்ஸ், முதலில் ஆஸ்டின் கார்களின் பாகங்களைப் பூட்டித்தான் தொழில் பழகியது. 1955இல் அது அசோக் லேலண்ட் ஆனது. பிற்பாடு நம் ராணுவத்துக்கு ஸ்டாலியன் லாரியைக் கொடுத்ததும் அந்தக் கம்பெனிதான். கார் பூட்டியதிலிருந்து அதுவரை வர எத்தனை பிட்டர்கள், வெல்டர்கள், டெஸ்ட் டிரைவர்கள் உழைத்திருப்பார்கள்! அவர்களில் பலர் உங்கள் தெருவிலேயே இருக்கலாம். தாமதத்துக்கு ஆபீஸ் கோப்புகளும் காரணம்தான், அதைக் கண்டிக்க வேண்டும். ஆனால் உடைத்துப் பார்க்கும் நாட்களை அந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள்.

அக்கா மகனிடம் ஒன்று கேளுங்கள்: ஒரு பாகம் உடைந்தால் அதை வரைந்தவரை நேரில் கூட்டிவந்து காட்டுகிறார்களா, ரிப்போர்ட் மட்டும் போகிறதா? அவன் சொல்வதை எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்.