விலகிய ஊழியரின் மடிக்கணினியை நாமே திறந்து பார்க்கலாமா?

கேள்வி: எங்கள் நிறுவனத்தின் விற்பனைப் பிரிவிலிருந்து விலகிய ஒருவர், வாடிக்கையாளர் பட்டியலையும் விலை விவரங்களையும் பென் டிரைவில் எடுத்துச் சென்றிருப்பாரோ என்று சந்தேகிக்கிறோம். அவர் ஒப்படைத்த விண்டோஸ் மடிக்கணினி அணைத்த நிலையில் எங்களிடம் இருக்கிறது. எங்கள் கணினிப் பராமரிப்பாளர் திறந்து பார்த்துச் சொல்வதாகக் கூறுகிறார். அவரிடம் கொடுக்கலாமா?

பதில்: கொடுக்க வேண்டாம். பராமரிப்பாளரின் திறமையிலோ நேர்மையிலோ குறை காண்பதற்காக இதைச் சொல்லவில்லை. அணைந்திருக்கும் கணினியை இயக்கிய உடனேயே, நீங்கள் எந்தக் கோப்பையும் தொடுவதற்கு முன்பே, விண்டோஸ் தன் பதிவேடுகளில் எழுதத் தொடங்கிவிடும். நிகழ்வுப் பதிவுகள் கூடும், தற்காலிகக் கோப்புகள் உருவாகும், நிலுவையில் உள்ள புதுப்பிப்புகள் இறங்கும், அழிந்த கோப்புகள் கிடந்த இடத்தின் மீது புதிய தரவு எழுதப்படும். இப்படிப்பட்ட ஒரு கணினி என்னிடம் ஒருமுறை வந்தபோது, நாற்பதுக்கும் மேற்பட்ட ஆவணங்கள் அந்த ஊழியர் வேலையை விட்டுச் சென்ற பிறகு திறக்கப்பட்டதாகப் பதிவாகியிருந்தது. திறந்தவர், நல்லெண்ணத்துடன் ஒவ்வொன்றாகப் பார்த்த அந்த நிறுவனத்தின் பராமரிப்பாளரே. எது ஊழியர் செய்தது, எது பிறகு நடந்தது என்று பிரித்துக் காட்டுவதற்கே எனக்கு முதல் இரண்டு நாட்கள் போயின. அவ்வளவு செய்தும் சில தடயங்களைப் பற்றி உறுதியாக எதுவும் சொல்ல முடியவில்லை.

தாமதமும் கூடாது. பழைய ஹார்டு டிஸ்கில் அழிக்கப்பட்ட கோப்பின் உள்ளடக்கம், அதன் மேல் வேறொன்று எழுதப்படும் வரை அப்படியே கிடக்கும். இன்றைய மடிக்கணினிகளில் பெரும்பாலும் இருப்பது, சுழலும் தட்டு இல்லாமல் சில்லுகளில் தரவைச் சேமிக்கும் எஸ்எஸ்டி. எந்தெந்தப் பகுதிகள் இனித் தேவையில்லை என்பதை டிரிம் என்ற கட்டளை மூலம் விண்டோஸ் அதற்குத் தெரிவிக்கிறது. பிறகு அந்த வட்டு தானாகவே உள்ளுக்குள் அவற்றைத் துடைத்துவிடுகிறது. இதற்கு மின்சாரம் கிடைத்தாலே போதும், யாரும் விசையைத் தட்ட வேண்டியதில்லை. ஆகவே மடிக்கணினியை அணைத்தபடியே உறையிலிட்டு, முத்திரையிட்டு, பூட்டி வையுங்கள். வேறு ஊழியருக்கு அதை ஒதுக்கிவிடாதீர்கள். இந்த ஒரு தவற்றால் கைநழுவிய வழக்குகள் பல.

தடயவியல் ஆய்வாளர் வட்டைக் கழற்றி, அதில் எதுவும் எழுதப்படாமல் தடுக்கும் ரைட் பிளாக்கர் என்ற கருவி வழியாக இணைத்து, காலியாகத் தெரியும் இடங்கள் உட்பட ஒவ்வொரு பிட்டையும் நகலெடுப்பார். கழற்ற முடியாதபடி வட்டு கணினியின் தாய்ப்பலகையோடு சேர்ந்திருந்தால், வெளியிலிருந்து தனி இயங்குதளத்தைக் கொண்டு கணினியை இயக்கி நகலெடுப்பதும் உண்டு. நகலெடுத்ததும், அதன் தரவிலிருந்து ஹாஷ் மதிப்பு என்ற அடையாளச் சரம் கணக்கிடப்படும். ஷா-256 முறையில் இது 64 எழுத்துகளும் எண்களும் கொண்ட ஒரு சரம். ஒரேயொரு பிட் மாறினாலும் சரம் முழுவதும் வேறாகிவிடும் என்பதால், ஆய்வு செய்தது அதே நகலைத்தான் என்று பின்னாளில் நிறுவ இது பயன்படுகிறது. எம்டி5 என்ற பழைய ஹாஷ் முறையில் வெவ்வேறு தரவுகளுக்கு ஒரே மதிப்பு வரச் செய்யலாம் என்று 2004-இலும், ஷா-1 முறையில் 2017-இலும் செய்தே காட்டிவிட்டார்கள். எனவே அறிக்கையில் ஷா-256 இருக்க வேண்டும் என்று கேளுங்கள். விண்டோஸின் குறியாக்க வசதியான பிட்லாக்கரால் வட்டு பூட்டப்பட்டிருந்தால் மீட்புச் சாவி தேவைப்படும். அதை இப்போதே தேடி எடுத்து வையுங்கள்.

இனி, உங்கள் சந்தேகத்தின் மையத்துக்கு வருகிறேன். பென் டிரைவைச் செருகினால் அதன் தயாரிப்பாளர், மாதிரி, பல சமயங்களில் வரிசை எண் ஆகியவை விண்டோஸ் தன் அமைப்பு விவரங்களை வைத்திருக்கும் ரெஜிஸ்ட்ரியில் பதிகின்றன. அது முதன்முதலில் எப்போது இணைக்கப்பட்டது என்பதும் தெரியவரும். ஆனால் இணைத்தது வேறு, நகலெடுத்தது வேறு. பென் டிரைவுக்கு எந்தக் கோப்பு நகலெடுக்கப்பட்டது என்பதை விண்டோஸ் இயல்பாகப் பதிவு செய்வதில்லை. இதை முதலிலேயே வெளிப்படையாகச் சொல்லாத ஆய்வாளரை நம்பாதீர்கள். சுற்றி வளைத்துத்தான் அதை நிறுவ முடியும். நகலெடுத்த கோப்பு சரியாக வந்திருக்கிறதா என்று பார்க்க, பலரும் பென் டிரைவிலிருந்தே அதை ஒருமுறை திறக்கிறார்கள். அப்போது அவர்கள் அறியாமலே ஒரு குறுக்குவழிக் கோப்பு மடிக்கணினியில் உருவாகிறது. கோப்பின் பெயர், அது இருந்த பாதை, அதன் நேர முத்திரைகள், அந்தப் பென் டிரைவின் தொகுதி எண் எல்லாம் அதற்குள் இருக்கும். பென் டிரைவில் அந்தக் கோப்பு உருவான நேரம், அது கடைசியாகத் திருத்தப்பட்ட நேரத்துக்குப் பிந்தையதாக இருந்தால், அது வேறிடத்திலிருந்து நகலெடுக்கப்பட்ட கோப்பு என்பதற்கு அது வலுவான அறிகுறி.

நேரங்களை ஒப்பிடும்போது மிகுந்த கவனம் வேண்டும். வட்டில் கோப்புகளை ஒழுங்குபடுத்த விண்டோஸ் பயன்படுத்தும் என்டிஎஃப்எஸ் முறை உலகப் பொது நேரத்தைச் சேமிக்கிறது. பென் டிரைவ்களில் பரவலாக உள்ள ஃபேட்32 முறையோ உள்ளூர் நேரத்தைச் சேமிக்கிறது. இரண்டையும் திருத்தாமல் ஒரே அட்டவணையில் அடுக்கினால், பகலில் நடந்த சாதாரண வேலை நள்ளிரவில் திருட்டுத்தனமாக நடந்ததாகத் தோன்றிவிடும். ஒரு மனிதரின் பெயர் இதில் அடங்கியிருக்கிறது என்பதை ஆய்வாளரும் நீங்களும் மறக்கக் கூடாது. வாடிக்கையாளரிடம் விளக்கம் தருவதற்காக அவர் அதே கோப்பை முறையாக எடுத்துச் சென்றிருக்கலாம். அதற்கான சான்றையும் அதே அக்கறையோடு தேட வேண்டும்.

மடிக்கணினிக்கு வெளியே உள்ள தடயங்கள் இன்னும் விரைவாகக் கரைபவை. மின்னஞ்சல் சேவை, மேகச் சேமிப்பு, அலுவலக வலையமைப்பு ஆகியவற்றின் பதிவுகள் குறிப்பிட்ட காலத்துக்குப் பிறகு தாமாக அழிந்துவிடும். அவருடைய அலுவலகக் கணக்கை நீக்காமல் முடக்கி மட்டும் வைத்து, பதிவுகளை இன்றே பாதுகாக்கச் சொல்லுங்கள். அவருடைய சொந்த மின்னஞ்சலின் கடவுச்சொல் உலாவியில் சேமிக்கப்பட்டிருந்தாலும் அதற்குள் நுழையாதீர்கள். பல நாடுகளில் அதுவே குற்றம். இது குறித்து வழக்கறிஞரிடம் கேட்டுக்கொள்வது நல்லது.

இன்றிலிருந்து ஒரு நோட்டுப் புத்தகத்தில், மடிக்கணினியை யார், எந்தத் தேதியில், எத்தனை மணிக்கு, யாரிடமிருந்து வாங்கினார், அப்போது அது எந்த நிலையில் இருந்தது என்று எழுதி, இருவரும் கையொப்பமிடுங்கள். 1986-இல் அமெரிக்காவின் லாரன்ஸ் பெர்க்லி ஆய்வகத்தில் கணினிப் பயன்பாட்டுக் கட்டணக் கணக்கில் 75 சென்ட் இடித்ததைத் தொடர்ந்து, அங்கே பணியாற்றிய வானியலாளர் கிளிஃபோர்டு ஸ்டால் ஓர் ஊடுருவலைக் கண்டுபிடித்தபோது, ஊடுருவியவருக்குத் தெரியாமல் இணைப்புகளில் அச்சு இயந்திரங்களைப் பொருத்தி ஒவ்வொரு தட்டச்சையும் தாளில் பதியவைத்தார். தாமும் தேதியிட்டுக் குறிப்பெழுதி வந்தார். மேற்கு ஜெர்மனியில் இருந்த ஊடுருவியவரை எட்ட அந்தப் பதிவுகள் உதவின.

ஆய்வாளரிடம் “இவர் திருடினாரா?” என்று கேட்காதீர்கள், அதற்குக் கணினி விடை தராது. அவர் விலகல் கடிதம் கொடுத்த நாளுக்கு முந்தைய சில வாரங்கள் முதல் மடிக்கணினியை ஒப்படைத்த நேரம் வரை, எந்தெந்த வெளிச்சாதனங்கள் இணைக்கப்பட்டன, அவற்றிலிருந்து எந்தக் கோப்புகள் திறக்கப்பட்டன, எவை அழிக்கப்பட்டன என்று எழுத்து வடிவில் கேளுங்கள்.