பேஸ்பால் அணியில் சேர்ந்து, அங்கிருந்து டிவி தயாரிப்புக்குப் போக முடியுமா?

கேள்வி இதுதான்: அமெரிக்காவில் ஊடகப் படிப்பு படிக்கும் ஒருவர், தொழில்முறை பேஸ்பால் அணியில் வேலைக்குச் சேர்ந்து, பிறகு ஆட்டங்களை ஒளிபரப்பும் டிவி தயாரிப்புக்குள் போக வழி உண்டா, முதலில் எதைக் கற்க வேண்டும்?

வழி உண்டு. ஆனால் மேஜர் லீக் (அங்குள்ள உச்சத் தொழில்முறைப் போட்டி) அணியின் கதவைத் தட்டித் தொடங்காதீர்கள். மேஜர் லீக்கில் 30 அணிகள். ஒவ்வொன்றின் கீழும் டிரிபிள் ஏ, டபுள் ஏ, ஹை ஏ, சிங்கிள் ஏ என நான்கு படிகளில் நான்கு அணிகள். மைனர் லீக் என்பது இந்தக் கீழ்ப்படிகளைத்தான். 2021-லிருந்து மொத்தம் 120 மைனர் லீக் அணிகள். ஆட்டக்காரர்களின் சம்பளம் மேலே இருக்கும் அணியுடைய பொறுப்பு. அலுவலகம், டிக்கெட், ஒளிபரப்பு எல்லாம் உள்ளூர் முதலாளியின் கைச்செலவு. அதனால் ஆள் குறைவு, ஒருவர் தலையில் நாலு வேலை. வர்ணனை செய்பவரே காலையில் பத்திரிகைக் குறிப்பு எழுதுவார், மதியம் விளம்பரம் பிடிப்பார், மழை வந்தால் மற்றவர்களோடு ஓடிப்போய்த் தார்ப்பாய் இழுப்பார். சம்பளம் சொல்லிக்கொள்ளும்படி இருக்காது. ஆனால் ஒரே சீசனில் கேமரா, ஸ்விட்சர் (எந்தக் கேமராப் படம் போக வேண்டும் என்று மாற்றும் கருவி), கிராஃபிக்ஸ், ரீப்ளே நான்கிலும் கை வைத்துவிடலாம். பெரிய இடத்தில் அந்த வாய்ப்புக்கு வருஷக்கணக்கில் காத்திருக்க வேண்டும்.

சீசன் ஏப்ரலை ஒட்டித் தொடங்கும். ஆள் எடுப்பது பெரும்பாலும் நவம்பரிலிருந்து பிப்ரவரிக்குள் முடிந்துவிடும். டீம்வொர்க் ஆன்லைன் என்ற வேலைவாய்ப்புத் தளத்தில் அறிவிப்புகள் வரும். மார்ச் கடைசியில் விண்ணப்பித்தால் வாசலில் டிக்கெட் பார்க்கும் வேலைதான் மிச்சமிருக்கும்.

அடுத்த படி, மேஜர் லீக் ஆட்டத்தின் டிவி வண்டி. நம்மூர் ஓபி வேன்தான். அங்கே ‘ட்ரக்’ என்பார்கள். புரொடியூசர், டைரக்டர் போன்ற சிலர் அணியோடு ஊர் ஊராகப் போவார்கள். கேமரா, ஒலி, ரீப்ளே, கேபிள் ஆட்கள் பெரும்பாலும் அந்தந்த ஊர் ஃப்ரீலான்சர்கள், நாள் கூலிக்கு. ஓர் அணியின் 162 ஆட்டங்களில் 81 சொந்த மைதானத்தில் என்பதால், அந்த ஊர்க்காரர்களுக்கு அவ்வளவு நாள் வேலை. குளிர்காலத்தில் அதே ஆட்கள் கூடைப்பந்துக்கும் ஐஸ் ஹாக்கிக்கும் போவார்கள்.

உள்ளே நுழைய எளிய வேலை யுடிலிட்டி, அதாவது கேபிள் இழுப்பது. இரவு ஏழு மணி ஆட்டத்துக்கு மதியமே வர வேண்டும். கேபிளை முழங்கையில் சுற்றினால் உள்ளே முறுக்கு ஏறும். மறுநாள் இழுக்கும்போது முடிச்சு விழும், ஃபைபர் உடையவும் உடையும். ஒரு வளையத்தை நேராகவும் அடுத்ததை உள்பக்கம் திருப்பியும் சுற்றப் பழகுங்கள். ஃபைபர் கனெக்டரின் மூடியைக் கழற்றி மண்ணில் வைக்காதீர்கள். முனையில் ஒரு தூசி போதும், கேமராப் படம் விட்டுவிட்டு வரும். மாட்டுவதற்கு முன் ஒவ்வொரு முறையும் துடைக்க வேண்டும்.

இதையெல்லாம் யாரும் ஒரு வாரத்தில் கற்றுக்கொள்ளலாம். அதற்கு மேல் உங்களை ஏற்றிவிடுவது ஸ்கோர் கார்டு, அதாவது ஆட்டத்தை எண்களில் குறித்துவைக்கும் தாள். பேஸ்பாலில் ஒவ்வொரு ஃபீல்டருக்கும் 1 முதல் 9 வரை எண் உண்டு. ஹெட்செட்டில் ‘சிக்ஸ் ஃபோர் த்ரீ’ என்று கேட்டதுமே, ஷார்ட்ஸ்டாப் (இரண்டாம், மூன்றாம் பேஸ்களுக்கு நடுவே நிற்பவர்) எடுத்து, இரண்டாம் பேஸ்மேனிடம் கொடுத்து, முதல் பேஸில் முடிந்த டபுள் பிளே, அதாவது ஒரே வீச்சில் இரண்டு அவுட் என்று மனதில் ஓட வேண்டும். கேமராவுக்கு ஆள் கிடைக்கும். ஆட்டம் தெரிந்த ரீப்ளே ஆள்தான் சுலபத்தில் கிடைக்கமாட்டார்.

ஏன் என்று பாருங்கள். முதல் பேஸில் ரன்னர் நிற்கிறார். பிட்ச் போடும்வரை, அதாவது பிட்சர் பேட்டருக்குப் பந்தை எறியும்வரை, திரையில் சென்டர் ஃபீல்டு கேமரா. பிட்சரின் முதுகு பேட்டரை மறைக்கக் கூடாதென்று, அதைப் பெரும்பாலான மைதானங்களில் கொஞ்சம் இடது ஃபீல்டு பக்கம் தள்ளி வைத்திருப்பார்கள். பந்து அடிபட்டு இரண்டு அவுட்ஃபீல்டர்களுக்கு நடுவே போகிறது. டைரக்டர் அந்தக் கணமே ஹோம் பிளேட்டுக்கு (பேட்டர் நிற்கும் இடம்) பின்னால் உயரத்திலிருக்கும் கேமராவுக்கு வெட்டுவார். அதை இயக்குபவர் வானத்தில் பந்தைத் தேடினால் தொலைந்தார். அவுட்ஃபீல்டர் ஓடும் திசையைப் பார்த்துத்தான் திருப்ப வேண்டும். இதற்கிடையே ஒரு கேமரா ரன்னரோடு ஓடும், ஒன்று பேட்டரோடு. வலக்கை பேட்டரின் முகம் முதல் பேஸ் பக்கத் தாழ்வான கேமராவுக்குத் தெரியும், இடக்கை பேட்டரின் முகம் மூன்றாம் பேஸ் பக்கத்துக்கு. பேட்டர் மாறினால் யாருக்கு என்ன ஷாட் என்பதும் மாறும். புதியவர்கள் செய்யும் தவறு, பந்து ஃபீல்டரின் கையை விட்டுப் போகுமுன்னே ரன்னரின் குளோசப்புக்கு வெட்டுவது. த்ரோ எங்கே போனது என்று பார்ப்பவருக்குப் புரியாது.

ரன்னர் ஹோமுக்கு வந்துவிட்டார். இனி ரீப்ளே. 2023-ல் பிட்ச் கிளாக், அதாவது பந்தெறிய நேரக் கெடு, வந்த பிறகு இந்த வேலையே மாறிவிட்டது. பேஸ்கள் காலியென்றால் பிட்சருக்கு 15 விநாடி. ரன்னர் இருந்தால் அப்போது 20, 2024-லிருந்து 18. முன்பு பேட்டர் கையுறையை இறுக்கிக்கொண்டு நிற்கும் நேரத்தில் மூன்று கோணம் காட்டலாம். இப்போது ஒன்று, மிஞ்சினால் இரண்டு. மூன்று மடங்கு வேகத்தில் பதிவு செய்யும் ஸ்லோமோஷன் கேமராவில் 2 விநாடி நிகழ்வு, முழு மெதுவில் 6 விநாடி ஓடும். முன்னும் பின்னும் வைப் (ரீப்ளேயைத் தொடங்கி முடிக்கும் திரைமாற்றம்) சேர்ந்தால் நேரம் தீர்ந்தது. அதனால் இ.வி.எஸ் என்ற ரீப்ளே கருவியில் உட்கார்ந்திருப்பவர் புரொடியூசர் கேட்கும்வரை காத்திருக்க முடியாது. மட்டையில் பட்டபோதே ஆரம்பப் புள்ளியைக் குறித்து வைத்து, “ஹோமில் டேக் (ரன்னரைப் பந்தால் தொடுவது), நல்ல கோணம் என்னிடம்” என்று அவரே சொல்ல வேண்டும். (டேப் ஒழிந்து எத்தனையோ வருஷம் ஆகியும், அவர்கள் உட்காரும் இடத்துக்கு இன்னும் டேப் ரூம் என்றுதான் பெயர்.) ரீப்ளே நீண்டு அடுத்த பிட்சைத் தவறவிடுவது இந்தத் துறையில் பெரிய குற்றம்.

ஒரு சேனலை நம்பித் திட்டம் போடாதீர்கள். பல அணிகளின் ஆட்டங்களை ஒளிபரப்பிய டயமண்ட் ஸ்போர்ட்ஸ் 2023 மார்ச்சில் திவால் பாதுகாப்பு கேட்டது. மே கடைசியில் சான் டியேகோ பாட்ரெஸ் ஆட்டங்களை மேஜர் லீக்கே எடுத்துத் தயாரிக்கத் தொடங்கியது, பிறகு அரிசோனா, கொலராடோ. சேனல் எதுவானாலும் ட்ரக்குக்கு உள்ளூர் ஆட்கள் வேண்டும். அவர்களைக் கூப்பிடுபவரை ‘க்ரூவர்’ என்பார்கள். உங்கள் ஊர் க்ரூவர் யாரென்று தெரிந்துகொண்டு, எந்தெந்த நாள் வர முடியும் என்று முன்கூட்டியே எழுதிப் போடுங்கள். கடைசி நேரத்தில் ஒருவருக்குக் காய்ச்சல் வரும்போதுதான் பலருக்கு முதல் நாள் கிடைக்கிறது.

எஃப்-1 விசா மாணவர் என்றால் இந்த நாள் கூலி வேலைக்கு உடனே போக முடியாது. வளாகத்துக்கு வெளியே வேலை செய்ய, படிப்பு சார்ந்த வேலைப் பயிற்சிக்கான சிபிடி அல்லது ஓபிடி அனுமதி வேண்டும். வளாகத்துக்குள் கற்பித்தல் காலத்தில் வாரம் 20 மணி நேரம் செய்யலாம். கல்லூரி விளையாட்டுக் கூட்டமைப்புகளின் டிவி சேனல்களான எஸ்இசி நெட்வொர்க் 2014-லும், ஏசிசி நெட்வொர்க் 2019-லும் வந்ததையொட்டி பல பல்கலைக்கழகங்கள் சொந்தக் கட்டுப்பாட்டு அறை கட்டி, மாணவர்களை வைத்து ஆட்டங்களை ஒளிபரப்புகின்றன. கல்லூரி பேஸ்பால் பிப்ரவரி நடுவில் தொடங்கிவிடும். விளையாட்டுத் துறையின் வீடியோ பிரிவுக்கு ஜனவரியிலேயே போய்க் கேளுங்கள், ரீப்ளே நாற்காலி வேண்டுமென்று குறிப்பாகச் சொல்லுங்கள்.