புத்தகத்திலேயே ஓவியங்கள் இருக்கும்போது, பள்ளிப் பிள்ளைகளைக் கலை அருங்காட்சியகத்துக்கு அழைத்துப் போவதால் என்ன பயன்?

புத்தகத்தில் எல்லா ஓவியமும் உள்ளங்கை அளவுதான். நிஜத்தில் மோனாலிசாவின் உயரம் 77 செ.மீ. ஸ்பெயினில் குவர்னிக்கா என்ற ஊரின்மேல் நடந்த குண்டுவீச்சைப் பற்றிப் பிக்காசோ வரைந்த 'குவர்னிக்கா' ஏறக்குறைய மூன்றரை மீட்டர் உயரம், ஏழே முக்கால் மீட்டர் அகலம். அதன்முன் நிற்கிற பிள்ளை அண்ணாந்து பார்க்கவேண்டும், முழுதாகப் பார்க்க நடக்கவும் வேண்டும். குண்டுவீச்சின் கோரம் அப்போது உறைக்கிற மாதிரி புத்தகப் படத்தில் உறைப்பதில்லை.

ஓவிய ஆசிரியராக எனக்கு இதைவிடப் பெரிதாகப் படுவது, அங்கே பிள்ளைகள் பேசுகிற பேச்சு. உளவியலாளர் அபிகெயில் ஹௌசனும், நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தில் கல்விப் பிரிவை நடத்திய ஃபிலிப் யெனவைனும் சேர்ந்து ஒரு முறையை உருவாக்கினார்கள். மூன்றே கேள்விகள். இந்தப் படத்தில் என்ன நடக்கிறது? எதைப் பார்த்து அப்படிச் சொல்கிறாய்? இன்னும் என்ன தெரிகிறது? உயிர்நாடி இரண்டாவதுதான். "அந்த அம்மா சோகமா இருக்காங்க" என்று ஒரு பிள்ளை சொல்லும். எதைப் பார்த்து என்று கேட்டால் மறுபடி படத்துக்குள் போய், "சாப்பாட்டைத் தொடவே இல்லையே" என்று ஆதாரத்தோடு வரும். "இல்ல, வாசலைப் பார்க்கிறாங்க, யாருக்கோ காத்திருக்காங்க" என்று இன்னொன்று மறுக்கும். வகுப்பில் வாயே திறக்காத பிள்ளைகள் இங்கே பேசுவதைப் பார்ப்பது எனக்கு அத்தனை சந்தோஷம்.

இது என் ஆசைக்குச் சொல்வதல்ல. அமெரிக்காவின் ஆர்கன்சாவில் 2011-இல் கிரிஸ்டல் பிரிட்ஜஸ் அருங்காட்சியகம் திறந்தபோது, இடத்துக்கு மேல் பள்ளிகள் விண்ணப்பித்ததால் குலுக்கல் போட்டார்கள். போன பிள்ளைகளையும் போகாதவர்களையும், ஏறக்குறைய 11,000 பேரை, ஆய்வாளர்கள் ஒப்பிட்டார்கள். ஈஸ்ட்மன் ஜான்சனின் ஓர் ஓவியத்தில் சிலர் மேப்பிள் பாகு காய்ச்சுகிறார்கள். அடிமைகளின் உழைப்பில் வந்த சர்க்கரைத் தொழிலை முடக்க நினைத்தவர்கள் அவர்கள். அதைப் பார்த்தவர்களில் 88 சதவீதம் பேருக்குப் பல வாரம் கழித்தும் அந்த விவரம் நினைவிருந்தது. பரீட்சை எதுவும் கிடையாது! படத்தைக் கூர்ந்து பார்த்து யோசிக்கும் திறனும் கூடியிருந்தது, அதிலும் கிராமப்புற, ஏழைப் பிள்ளைகளுக்கு அதிகமாக.

அங்கே ஒரு மணி நேரத்தில் பார்த்தது பெரும்பாலும் ஐந்தே ஓவியங்கள். நம் பிள்ளைகளையோ "தொடாதே, பேசாதே" என்று வரிசையில் ஓட்டி எல்லா அறையையும் காட்டிவிடுகிறோம். அதனால் ஆசிரியர் முன்னதாகவே போய் நாலைந்து ஓவியங்களைத் தேர்ந்து வைத்துக்கொள்ளட்டும். ஒவ்வொன்றின் முன்னும் பிள்ளைகளைத் தரையில் உட்காரவைத்து, முதல் இரண்டு நிமிடம் வெறுமனே பார்க்கவிடட்டும். ஓவியர் பெயர், ஆண்டு எல்லாம் அப்புறம் சொல்லிக்கொள்ளலாம்.