ராட் செர்லிங் விளம்பரதாரர்களை ஏமாற்றினாரா?

கேள்வி: தொலைக்காட்சித் தொடர்களுக்கு வசனம் எழுதுகிறேன். சாதி, கடன், வேலையிழப்பு என்று நடப்பு விஷயம் எதைத் தொட்டாலும், விளம்பரதாரருக்குப் பிடிக்காது என்று வெட்டிவிடுகிறார்கள். அமெரிக்காவில் ராட் செர்லிங் என்ற எழுத்தாளருக்கும் இதே தொல்லை இருந்ததாம். அவர் எல்லாவற்றையும் மாயக்கதையாக எழுதி அவர்கள் கண்ணில் மண்ணைத் தூவிவிட்டார் என்கிறார் நண்பர். நானும் அந்தப் பக்கம் போய்விடலாமா? – பெயர் வெளியிட விரும்பாத வாசகி.

பதில்:

உங்கள் நண்பர் சொன்னது உண்மைதான், ஆனால் பாதி உண்மை. அதை மட்டும் நம்பி இறங்கினால் சிரமப்படுவீர்கள் என்பதால் மீதியையும் சொல்லிவிடுகிறேன்.

வெட்டு வாங்கிய காலத்தில் செர்லிங் ஊர் பேர் தெரியாத ஆள் இல்லை. 1924-ல் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் பாராசூட் படை வீரராகப் பிலிப்பைன்ஸில் போரிட்டார். பிறகு ஒஹையோ மாநிலத்தில் வானொலிக்கு எழுதிப் பழகி, நியூயார்க்கின் நேரலைத் தொலைக்காட்சி நாடகங்களுக்கு வந்தார். 1955 ஜனவரி 12 அன்று ஒளிபரப்பான ‘பேட்டர்ன்ஸ்’, ஒரு பெரிய நிறுவனத்தில் மூத்த அதிகாரி ஒருவரை அவமானப்படுத்தியே வெளியேற்றும் கதை. அதைத் திரும்பப் பார்க்க வேண்டும் என்று ரசிகர்கள் கேட்டார்கள். நேரலை நாடகம் ஒரு முறை நடந்தால் அதோடு முடிந்தது என்றிருந்த காலம் அது. ஆனாலும் அதே நடிகர்களை வரவழைத்து அடுத்த மாதமே மறுபடியும் நடத்தினார்கள். 1956-ல் வந்த ‘ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட்’, உடல் தளர்ந்துபோன குத்துச்சண்டை வீரன் ஒருவனின் கதை. இரண்டுக்கும் தொலைக்காட்சிக்கான எம்மி விருது கிடைத்தது. அப்படிப்பட்டவரின் வசனத்தில்தான் கை வைத்தார்கள்.

அன்றைக்கு ஒரு மணி நேர நாடகம் முழுவதையும் ஒரே நிறுவனம் வாங்கிக்கொள்ளும். நிகழ்ச்சியின் பெயரிலேயே பாலாடைக்கட்டிக் கம்பெனியும் எஃகுக் கம்பெனியும் இருக்கும். அதனால் அவர்கள் வைத்ததுதான் சட்டம். குத்துச்சண்டை நாடகத்தில் ‘தீப்பெட்டி இருக்கிறதா?’ என்று கேட்கும் வரியை எடுக்கச் சொன்னார்கள். காரணம், விளம்பரதாரர் விற்றது சிகரெட் லைட்டர். இவை சில்லறைத் தொல்லைகள், செர்லிங் பொறுத்துக்கொண்டார். அவரை உண்மையிலேயே நோகவைத்தது வேறு.

1955 ஆகஸ்டில், மிஸிஸிப்பி மாநிலத்தில் எம்மெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவனைக் கடத்திக்கொண்டுபோய்க் கொன்றார்கள். வெள்ளையர் மட்டுமே அமர்ந்த ஜூரி, ஒரு மணி நேரத்துக்குச் சற்றே கூடுதலாகப் பேசிவிட்டு, குற்றம் சாட்டப்பட்ட இருவரையும் விடுதலை செய்தது. ஓர் ஊரே திரண்டு நின்று கொலைகாரனைக் காப்பாற்றுவது எப்படி நடக்கிறது என்று எழுத நினைத்தார் செர்லிங். நேரடியாக எழுதினால் விடமாட்டார்கள் என்று தெரிந்து, கொல்லப்பட்டவரை ஒரு முதிய யூத அடகுக்கடைக்காரராக மாற்றினார். அதுவும் போதவில்லை. இது டில் கொலையைப் பற்றிய நாடகம்தான் என்று பத்திரிகைகளில் செய்தி வந்ததும் தென் மாநிலங்களின் வெள்ளையர் சங்கங்கள் மிரட்ட ஆரம்பித்தன. நாடகத்தை வாங்கியிருந்த எஃகு நிறுவனம் பயந்தது. கொல்லப்பட்டவர் பெயரில்லாத ஒரு வெளிநாட்டுக்காரர் ஆனார். ஊர் தெற்கிலிருந்து வடகிழக்கே நியூ இங்கிலாந்துக்குப் போனது. தெற்கை நினைவூட்டும் என்று மேடையிலிருந்த கொக்கக் கோலா பாட்டிலைக்கூட எடுத்துவிட்டார்கள். ‘நூன் ஆன் டூம்ஸ்டே’ என்ற பெயரில் 1956 ஏப்ரலில் அது ஒளிபரப்பானபோது அதில் யார்மீதும் கோபம் மிச்சமில்லை.

அவர் விடவில்லை. 1958-ல் அதே கருவை மறுபடியும் எழுதினார். இம்முறை கதை 1870-களின் தென்மேற்குக்குத் தள்ளப்பட்டது. கொல்லப்படுபவன் மெக்சிகோ இளைஞன் ஆனான். இரண்டு முறை ஒரே சுவரில் மோதியவர் அவர். இந்த இரண்டு தோல்விகளையும் உங்கள் நண்பர் கதையிலிருந்து விட்டுவிட்டார். எனக்கோ அவர் வாழ்க்கையில் இதுதான் பெரிதாகத் தெரிகிறது.

இதற்கிடையில், அமெரிக்க செனட்டைப் பற்றி அவர் எழுதிய நாடகம் ஒன்றும் வந்தது. நடப்பு அரசியலைப் பற்றி செனட்டர்கள் ஒரு வார்த்தை பேசக் கூடாது என்று அதற்கு நிபந்தனை. இந்தக் கதையை 2057-ல் நடப்பதாக வைத்து, செனட்டில் ரோபோக்களை உட்காரவைத்திருந்தால் இதைவிட முதிர்ச்சியான நாடகமாக வந்திருக்கும் என்று பிறகு வருந்தி எழுதினார். 1959-ல் தொடங்கிய அவருடைய மாயக்கதைத் தொடரான ‘ட்வைலைட் ஸோன்’-க்கு விதை அங்கேயே விழுந்துவிட்டது. தொடர் தொடங்குவதற்குப் பத்து நாள் முன்பு ஒரு பேட்டியில், இனிமேல் தொலைக்காட்சியில் முக்கியமான எதையும் எழுதப்போவதில்லையா என்று தொலைக்காட்சிப் பேட்டியாளர் மைக் வாலஸ் கேட்டார். நடப்புச் சமூகப் பிரச்சினைகளைத் தொடப்போவதில்லை என்றார் செர்லிங்.

ஆனால் அந்தத் தொடரில் 1960 மார்ச்சில் ஒளிபரப்பான ‘தி மான்ஸ்டர்ஸ் ஆர் டியூ ஆன் மேப்பிள் ஸ்ட்ரீட்’ எபிசோடைப் பாருங்கள். கோடைக்கால மாலை. ஒரு பேரோசை, வானத்தில் வெளிச்சம். தெருவில் மின்சாரம் போகிறது, கார்கள் கிளம்பவில்லை. வேற்றுக்கிரகத்தார் மனிதரைப் போலவே ஒரு குடும்பத்தை முன்கூட்டி அனுப்பிவைப்பார்கள் என்று, கதைப்புத்தகத்தில் படித்ததை ஒரு சிறுவன் சொல்கிறான். ஒரு வீட்டுக்காரரின் கார் தானாகக் கிளம்புகிறது. அவ்வளவுதான், எல்லாப் பார்வையும் அவர் பக்கம் திரும்புகிறது. தூக்கம் வராமல் இரவில் வாசலில் நின்று வானத்தைப் பார்ப்பாரே என்று ஒருத்தி சொல்கிறாள். நேற்றுவரை அது வெறும் பழக்கம், இன்று சாட்சியம். பக்கத்துத் தெருவைப் பார்த்துவிட்டு இருட்டில் திரும்பி வரும் ஒருவரை, அசுரன் வருகிறான் என்று அண்டை வீட்டுக்காரரே சுட்டுக் கொல்கிறார். எம்மெட் டில்லின் பெயர் அதில் இல்லை. ஆனால் ஊர் கூடினால் என்ன ஆகும் என்பதை அவர் சொல்லிவிட்டார்.

இனி மீதிப் பாதிக்கு வருகிறேன். இது மாறுவேடத்தால் மட்டும் நடக்கவில்லை. அந்தத் தொடரைத் தயாரித்தது செர்லிங்கின் சொந்த நிறுவனமான கயூகா புரொடக்ஷன்ஸ். தயாரிப்புத் தலைமையும் அவர்; முதன்மை எழுத்தாளரும் அவர். எது வெட்டப்படலாம், எது கூடாது என்று அவர் வாயால் சொல்ல முடிந்தது. இதற்கு ஆதாரம் அவருடைய அடுத்த தொடர். 1970-ல் ‘நைட் கேலரி’ வாரத் தொடராக வந்தபோது அவர் முகம் திரையில் தெரிந்தது. அதுவும் பேயும் மாயமும் நிறைந்த தொடர்தான். ஆனால் கதைத் தேர்வில் கடைசி முடிவு தயாரிப்பாளர் கையில் இருந்தது. அவர் எழுதியவற்றையே நிராகரித்தார்கள், மாற்றினார்கள். எழுத்தாளரும் அவரே, மாறுவேடமும் அதே; அதிகாரம் மட்டும் இல்லை.

சினிமாவில் அவருக்கு அந்த வேடமே சில சமயம் தேவைப்படவில்லை. அமெரிக்க ராணுவத் தளபதி ஒருவர் ஜனாதிபதியைக் கவிழ்க்கத் திட்டமிடும் ‘செவன் டேஸ் இன் மே’ படத்துக்கு 1964-ல் பட்டவர்த்தனமாகத் திரைக்கதை எழுதினார். டிக்கெட் விற்று ஓடும் படத்துக்கு எஃகுக் கம்பெனியின் அனுமதி வேண்டியதில்லை. அதே கதையைத் தொலைக்காட்சிக்குக் கொடுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதை உங்களால் ஊகிக்க முடியும்.

அவர் கொடுத்த விலையையும் மறைக்க மாட்டேன். ‘ட்வைலைட் ஸோன்’ தொடரின் 156 எபிசோடுகளில் 92 அவர் எழுதியவை. தட்டச்சு செய்ய நேரமில்லாமல் ஒலிப்பதிவுக் கருவியில் வசனத்தைப் பேசிப் பதிந்து, செயலாளரிடம் கொடுப்பார். கையில் சிகரெட் அணைந்ததே இல்லை. தொடரில் தனக்கிருந்த பங்கைப் பின்னாளில் ஒளிபரப்பு நிறுவனத்துக்கே விற்றுவிட்டார். மறுஒளிபரப்பில் வந்த பெரும் பணம் அவர்களுக்குப் போனது. 1975 ஜூனில், இதய அறுவைச் சிகிச்சையை ஒட்டி இறந்தார். வயது 50.

ஆகவே, இப்போதே பேய்க்கதைக்கு ஓடாதீர்கள். மனத்தில் இருக்கும் கதையை அது உள்ளபடியே ஒரு முறை எழுதிக் கொடுங்கள். வெட்டினால், யார் வெட்டினார்கள், என்ன காரணம் சொன்னார்கள் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். மாயக்கதைதான் உங்களுக்கு இயல்பாக வருகிறது என்றால் தாராளமாக எழுதுங்கள். ஆனால் ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் முன், பிரதியை மாற்றும் உரிமை யாருக்கு என்ற பத்தியை வாசியுங்கள். ‘எழுத்தாளருடன் கலந்து பேசி’ என்ற மூன்று சொற்களையாவது அதில் சேர்க்கச் சொல்லிப் பேரம் பேசுங்கள். சம்பளத்தில் கொஞ்சம் குறைந்தாலும் பரவாயில்லை. வெட்டிய பக்கங்களையும் தேதி போட்டு எடுத்து வையுங்கள். செர்லிங் 1957-லேயே தன் நாடகத் தொகுப்பின் முன்னுரையில், எதை யார் வெட்டினார்கள் என்று விவரமாக எழுதி அச்சிட்டுவிட்டார்.