கிரீம் திரியாமல், மீன் உதிராமல் பேர்கன் மீன் சூப் செய்வது எப்படி?

கேள்வி: நாங்கள் நோர்வேயின் பேர்கன் நகரில் வசிக்கிறோம். இங்குள்ள வீடுகளில் கிரீம் சேர்த்துச் செய்யும் வெள்ளை நிற மீன் சூப்பை நானும் செய்து பார்த்தேன். மீன் தலையையும் முள்ளையும் இரண்டு மணி நேரம் கொதிக்க வைத்துச் சாறு எடுத்தேன். அது கலங்கலாகவும் சற்றுக் கைப்பாகவும் இருந்தது. ரொம்மெ என்னும் புளித்த கிரீமில் கொழுப்புக் குறைந்ததைச் சேர்த்ததும் சூப் திரிந்து மணல் மணலாகிவிட்டது. மீன் துண்டுகளும் உதிர்ந்துபோயின. எங்கே பிழை நடந்தது? சாறு எடுக்காமல் சூப் கட்டியைக் கரைத்துச் செய்யலாமா? சல்மன் போடலாமா?

பதில்: நீங்கள் சொல்லும் மூன்று குறைகளுக்கும் பெரும்பாலும் ஒரே காரணம்தான். சாறு, கிரீம், மீன் ஆகிய மூன்றுக்கும் தேவைக்கு மேல் சூடு கொடுத்திருக்கிறீர்கள். இவற்றுள் சாற்றைப் பற்றித்தான் நான் அதிகம் சொல்லப்போகிறேன். இந்தச் சூப்பைக் கிரீம் சூப் என்று எண்ணிக்கொண்டு தொடங்குகிறவர்கள், சாறு மெலிந்திருப்பதைக் கிரீமை அள்ளிக் கொட்டிச் சரிசெய்யப் பார்க்கிறார்கள். உண்மையில் இது மீன் சாற்றின் சுவையில் நிற்கும் சூப். அந்தச் சுவையின் கூர்மையைத் தணித்து வாய்க்கு இதமாக்குவது மட்டுமே கிரீமின் வேலை.

பேர்கனின் பழைய முறையில் இதற்கு உகந்த மீன், உள்ளூரில் பாலெ என்று அழைக்கப்படும் இளம் ஸேய் (saithe) மீனாகும். அதன் தலையும் முள்ளும் சாற்றுக்குப் போகும். சதை அரைபட்டு மீன் உருண்டையாகி, பின்னர் அதே சாற்றில் வேகும். இன்று பெரும்பாலான வீடுகளில் தொர்ஸ்க் (cod), ஹூசெ (haddock) போன்ற வெள்ளைச் சதை மீன்களே பயன்படுகின்றன. அவையும் மிகவும் நன்றாக இருக்கும். சனவரி முதல் ஏப்ரல் வரை, பாரன்ட்ஸ் கடலிலிருந்து வட நோர்வேயின் லோபோத்தன் தீவுகள் பக்கம் முட்டையிட வரும் ஸ்க்ரேய் என்னும் தொர்ஸ்க் கிடைக்கும் காலத்தில், அதன் தலையை விடாமல் வாங்கிக்கொள்ளுங்கள். மீன் கடைகளில் முள்ளும் தலையும் குறைந்த விலைக்கே கிடைக்கும். 1980களில் வட நோர்வேயின் பின்மார்க் பகுதியின் மீன் பதனிடும் ஆலைகளில் வேலை செய்த நம்மவர்களைக் கேட்டால், சதையை வெட்டி எடுத்த பிறகு முள்ளோடு எவ்வளவு நல்ல பகுதி எஞ்சி நிற்கும் என்பதை அவர்களே சொல்வார்கள்.

நான்கு பேருக்கான சாற்றுக்கு ஒரு கிலோ முள்ளும் தலையும் போதும். தலையிலுள்ள செவுளை முழுவதுமாக வெட்டி எறிந்துவிட்டு, நடுமுள்ளை ஒட்டிக் கருஞ்சிவப்பாகப் படிந்திருக்கும் இரத்தத்தைக் குளிர்ந்த நீரில் விரலால் தேய்த்துக் கழுவுங்கள். கைப்புக்கும் கலங்கலுக்கும் இந்த இரண்டும் ஒரு காரணம் என்பதால், இங்கே செலவிடும் ஐந்து நிமிடத்தை மிச்சம் பிடிக்க வேண்டாம். பிறகு ஒன்றரை லீற்றர் குளிர்ந்த நீரில் முள்ளைப் போட்டு, லீக்ஸின் பச்சைப் பகுதி, ஒரு வெங்காயம், கரட்டின் நுனிகள், செலரிக் கிழங்குத் துண்டு ஒன்று, பார்ஸ்லித் தண்டு, பத்து மிளகு, ஒரு பிரியாணி இலை, ஒரு தேக்கரண்டி உப்பு ஆகியவற்றைச் சேர்த்து மெதுவாகச் சூடாக்குங்கள். மேலே திரளும் நுரையை அகற்றிக்கொண்டே இருங்கள். குமிழிகள் விளிம்பில் மட்டும் எழும் அளவுக்குச் சூட்டைக் குறைத்து, 20 முதல் 25 நிமிடம் வைத்திருந்து, அடுப்பை அணைத்துப் பத்து நிமிடம் அப்படியே விட்டு, மெல்லிய துணியில் வடித்துவிடுங்கள். துணியைப் பிழிய வேண்டாம்.

இரண்டு மணி நேரம் ஏன் கூடாது என்று கேட்பீர்கள். ஆட்டெலும்பிலும் மாட்டெலும்பிலும் உள்ள இணைப்புத் திசு கரைய மணிக்கணக்கான நேரம் வேண்டும். மீனின் இணைப்புத் திசு அவற்றினும் மிகக் குறைந்த வெப்பத்திலேயே, மிக விரைவாகக் கரைந்துவிடுகிறது. அரை மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டிய சுவையையும் வழுவழுப்பையும் முள் கொடுத்து முடித்துவிடும். அதன் பிறகு கொதிக்கும் ஒவ்வொரு நிமிடமும் முள்ளிலுள்ள சுண்ணாம்பு உப்புகள் நீரில் இறங்கிச் சாற்றைக் கலங்கலாக்கி, நாவில் சுண்ணாம்பு பட்டது போன்ற உணர்வைத் தருகின்றன. பொங்கப் பொங்கக் கொதிக்க விட்டால் கொழுப்பும் நுரையும் நீரோடு கலந்து கலங்கல் இன்னும் கூடும். சாறு மெலிந்திருப்பதாகத் தோன்றினால், முள்ளை வடித்து நீக்கிய பின்னர், சாற்றை மட்டும் திறந்த சட்டியில் வற்ற வைத்து ஒரு லீற்றருக்குக் கொண்டுவாருங்கள்.

சூப் கட்டியைக் கரைத்துச் செய்வதில் ஆபத்து எதுவும் இல்லை. ஆனால் அதில் உப்பு மேலோங்கி நிற்கும், முள்ளிலிருந்து வரும் வழுவழுப்பும் இராது. அவசரத்துக்கு ஒரு வழி உண்டு. நோர்வேயில் தோலோடு அவித்து விற்கும் இறால் எளிதில் கிடைப்பதால், அதன் தோலையும் தலையையும் சிறிது பட்டரில் வதக்கி, தண்ணீர் ஊற்றி 20 நிமிடம் வைத்து வடித்துவிடலாம். அந்தச் சாறு கட்டியைக் காட்டிலும் எவ்வளவோ மேல்.

இனிச் சூப்பைத் தடிப்பாக்கும் கட்டம். 40 கிராம் பட்டரை உருக்கி, அதில் 40 கிராம் கோதுமை மாவை நிறம் மாறாமல் இரண்டு நிமிடம் வதக்கிய பின், சூடான சாற்றைச் சிறிது சிறிதாக ஊற்றிக் கட்டி படாமல் அடித்துக் கலக்குங்கள். பத்து நிமிடம் மெதுவாகக் கொதித்தால் பச்சை மா வாசனை போய்விடும். பலர் மாவை ஒரு குறுக்கு வழியாக நினைத்துத் தவிர்க்கிறார்கள். நான் தவிர்க்கச் சொல்லமாட்டேன். மாவிலுள்ள மாச்சத்து, பின்னர் சேரவிருக்கும் முட்டையின் புரதமும் பாலின் புரதமும் ஒன்றோடொன்று ஒட்டித் திரளாமல் இடையில் நின்று தடுக்கிறது.

மாச் சேர்ந்த இந்தச் சாற்றில், தீக்குச்சி அளவில் நீளமாக நறுக்கிய கரட்டையும் செலரிக் கிழங்கையும் போட்டு ஐந்தாறு நிமிடம் வேகவிடுங்கள். லீக்ஸின் வெள்ளைப் பகுதியைக் கடைசி இரண்டு நிமிடத்தில் சேர்த்தால் போதும். மரக்கறி கடிபடும் பதத்தில் இருக்க வேண்டும், குழையக் கூடாது.

அடுத்து, உங்கள் சூப் திரிந்த இடத்துக்கு வருகிறேன். புளிப்பும் கொதியும் சேரும்போது பாலின் புரதம் திரள்வது இயல்பு. கொழுப்பு நிறைந்த கிரீமில் அந்தப் புரதம் குறைவாக இருப்பதோடு, அதன் பெரும்பகுதி கொழுப்புத் துளிகளின் மேற்பரப்பில் ஒட்டிக்கொள்வதால் அது எளிதில் திரளாது. நோர்வேக் கடைகளில் கிடைக்கும் லெத்ரொம்மெயில் 18 சதவீதக் கொழுப்புத்தான் உண்டு. சேத்தெர்ரொம்மெயில் 35 சதவீதம் உண்டு. கொதிக்கும் சூப்பில் முன்னது திரியும், பின்னது தாக்குப்பிடிக்கும். ஆகவே சூப்புக்கு 35 சதவீத ரொம்மெயையே வாங்குங்கள். கொழுப்பைக் குறைக்க விரும்பினால், கொழுப்புக் குறைந்த ரொம்மெயை வாங்குவதைவிட, கொழுப்பு நிறைந்ததையே அளவில் குறைத்துப் பயன்படுத்துவது நல்லது. ஒரு லீற்றர் சாற்றுக்கு ஒன்றரை டெசிலீற்றர் ரொம்மெயும் ஒரு டெசிலீற்றர் கிரேம்ப்லோத்தெ என்னும் புளிக்காத கிரீமும் போதுமானவை. ரொம்மெக்குப் பதிலாகத் தயிர் சேர்க்க வேண்டாம். அது எளிதில் திரியும்.

இரண்டு முட்டை மஞ்சட்கருவை ரொம்மெயோடும் கிரேம்ப்லோத்தெயோடும் ஒரு கிண்ணத்தில் நன்றாக அடித்து, சூடான சாற்றில் இரண்டு அகப்பையை எடுத்து, விடாமல் அடித்துக்கொண்டே அதில் சொட்டுச் சொட்டாக ஊற்றுங்கள். கிண்ணத்தின் கலவை சூடேறிய பிறகு அடுப்பின் சூட்டைக் குறைத்து, அதைச் சட்டியில் சேர்த்துக் கிளறுங்கள். இதன் பிறகு சூப் ஒருபோதும் கொதிக்கக் கூடாது. சொதிக்கு முதற்பால் விட்ட பின்னர் பொங்க விடாமல் கலக்கிக்கொண்டே நின்று இறக்குகிறோம் அல்லவா, அதே கவனம் இங்கும் வேண்டும். வெப்பமானி இருந்தால் 80 பாகை செல்சியஸைத் தாண்டாமல் பார்த்துக்கொள்ளுங்கள். இல்லையென்றால், ஆவி எழ வேண்டும், குமிழி எழக் கூடாது என்பதை அடையாளமாகக் கொள்ளுங்கள்.

புளிப்பும் இனிப்பும் சேர்வதுதான் பேர்கன் முறையை மற்ற கிரீம் சூப்களிலிருந்து பிரித்துக் காட்டுகிறது. 7 சதவீத வினாகிரியில் ஒரு மேசைக்கரண்டியும் சீனியில் ஒரு தேக்கரண்டியும் முதலில் சேர்த்துச் சுவைத்துப் பாருங்கள். பிறகு இரண்டையும் சிறிது சிறிதாகக் கூட்டுங்கள். புளிப்பு தனியாகத் தெரியக் கூடாது. ஆனால் அது இல்லாவிட்டால் சூப் மந்தமாக இருக்கும். வினாகிரிக்கு வேறொரு பயனும் உண்டு. கடல்மீனில், குறிப்பாகத் தொர்ஸ்க் இனத்தில், மீன் வாடையைத் தருகின்ற டிரைமெத்திலமீன் என்னும் பொருள் உண்டாகிறது. அமிலம் அதனைப் பிணைத்து ஆவியாக விடாமல் தடுப்பதால் வாடை அடங்குகிறது. வினாகிரியை வாங்கும்போது போத்தலில் எழுதியிருப்பதைக் கட்டாயம் படியுங்கள். 35 சதவீதச் செறிவுள்ள வினாகிரியும் நோர்வேக் கடைகளில் உண்டு. அதனை நீர் கலக்காமல் உணவில் ஊற்றுவது உடலுக்குத் தீங்கானது. குழந்தைகள் உள்ள வீட்டில் அதை வைத்திருக்காமல் இருப்பதே நல்லது.

மீனுக்கு வருவோம். ஐந்நூறு முதல் அறுநூறு கிராம் வரை தோலும் முள்ளும் நீக்கிய வெள்ளை மீனை மூன்று சென்றிமீற்றர் அளவுத் துண்டுகளாக வெட்டி, மெல்லியதாக உப்புத் தூவிப் பதினைந்து நிமிடம் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். சதை சற்று இறுகி, உதிர்வது குறையும். துண்டுகளின் ஈரத்தை ஒற்றி எடுத்து, சூப்பை அடுப்பிலிருந்து இறக்கிய பிறகு அதில் மெல்ல இறக்கி, மூடிபோட்டு ஐந்து நிமிடம் விடுங்கள். மீன் சதை 50 முதல் 60 பாகைக்குள் வெந்துவிடுகிறது என்பதால் சட்டியின் சூடே அதற்குப் போதும். நீங்கள் மீனைச் சூப்போடு கொதிக்க விட்டிருப்பீர்கள். இதழ் இதழாக அடுக்கப்பட்ட தொர்ஸ்க் சதையை ஒட்டி வைத்திருக்கும் மெல்லிய திசு கரைந்த பின் அதைக் கரண்டியால் கிளறினால், உதிர்வதைத் தவிர்க்கவே முடியாது. மீன் போட்ட பிறகு கரண்டியை எடுக்காமல், தேவையென்றால் சட்டியை இலேசாக அசையுங்கள்.

உறைய வைத்த மீனையும் பயன்படுத்தலாம். அதை முதல் நாள் இரவே குளிர்சாதனப் பெட்டிக்கு மாற்றி மெதுவாக இளக விட வேண்டும். நெடுநாள் உறைந்திருந்த தொர்ஸ்க் இன மீன்களின் சதை நார்போல இறுகிவிடும். அப்படிப்பட்டதை உருண்டைக்கு அரைத்துக்கொள்வதே உகந்தது. சல்மன் போடலாமா என்று கேட்டிருந்தீர்கள். துண்டுகளாகத் தாராளமாகப் போடலாம். வெள்ளை மீன் பாதி, சல்மன் பாதி என்று செய்பவர்கள் பலர். சல்மனின் முள்ளையும் தலையையும் மட்டும் இந்தச் சாற்றுக்குச் சேர்க்காதீர்கள். அதிலுள்ள எண்ணெய் சாற்றின் மென்மையை மூடிவிடும். அவித்த இறால் சேர்ப்பதானால், பரிமாறும் கிண்ணத்திலேயே போட்டு அதன்மேல் சூப்பை ஊற்றுங்கள். சட்டியில் போட்டால் அது மீண்டும் வெந்து இறுகிவிடும்.

பழைய முறைக்கு நெருங்கிச் செல்ல விரும்பினால் மீன் உருண்டையையும் செய்து பாருங்கள். நேரம் இருக்கும் நாளில் இதை விட்டுவிடாதீர்கள் என்று வற்புறுத்தியே சொல்வேன். 500 கிராம் ஸேய் அல்லது ஹூசெ சதையை நன்றாகக் குளிர வைத்து, முதலில் ஒன்றரைத் தேக்கரண்டி உப்பை மட்டும் சேர்த்து அரையுங்கள். உப்பு மீனின் புரதத்தைக் கரைத்து வெளியே கொண்டுவரும். கையில் பசைபோல ஒட்டும் பதம் வந்த பிறகுதான் ஒன்றரை மேசைக்கரண்டி உருளைக்கிழங்கு மாவும் சிறிது சாதிக்காய்த் தூளும் சேர வேண்டும். அதன் பிறகு இரண்டரை டெசிலீற்றர் குளிர்ந்த பாலை நான்கைந்து தடவையாக ஊற்றி அரையுங்கள். பாலை முதலிலேயே ஊற்றினால் கலவை பிடிப்பில்லாமல் போகும். அரைக்கும்போது சூடேறினாலும் அதே நிலைதான். நனைத்த கரண்டியால் சிறு உருண்டைகளாக எடுத்து, மாச் சேர்ப்பதற்கு முன்னர் உள்ள தெளிந்த சாற்றில், கொதிக்காத சூட்டில், ஏழெட்டு நிமிடம் வேக வைத்துத் தனியே எடுத்து வையுங்கள். உருண்டை வெந்த சாற்றின் சுவையும் ஒரு படி உயர்ந்துவிடும். உருண்டை போடும் நாளில் மீன் துண்டுகளைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளலாம்.

மேலே பொடியாக நறுக்கிய கிரெஸ்லோக் (chives) என்னும் மெல்லிய வெங்காயத்தாளையும் சிறிது வெள்ளை மிளகுத் தூளையும் தூவி, ப்லாத்புரோ என்னும் மெல்லிய உலர்ந்த ரொட்டியோடோ பட்டர் பூசிய பாணோடோ பரிமாறுங்கள். மஞ்சள், மிளகாய்த்தூள், கறிவேப்பிலை ஆகியவற்றைச் சேர்க்க வேண்டாம் என்பதே என் கருத்து. அவை தனித்தனியே நல்லவைதான். ஆனால் இருபது நிமிடம் கவனித்து எடுத்த சாற்றின் சுவை அவற்றுக்கடியில் காணாமல் போய்விடும். காரம் வேண்டியவர்கள் தம் கிண்ணத்தில் மட்டும் மிளகைக் கூட்டிக்கொள்ளட்டும்.

விருந்தினர் வரும் நாளுக்கு முன்கூட்டியே செய்ய விரும்பினால், சாற்றை முதல் நாளே எடுத்துக் குளிர வைக்கலாம். உறைய வைத்தால் சில வாரங்கள் வரை சுவை குறையாது. ரொம்மெயையும் மஞ்சட்கருவையும் மீனையும் பரிமாறும் நேரத்தில் மட்டும் சேருங்கள். முழுதாகச் செய்து மிஞ்சிய சூப்பை விரைவாக ஆற்றிக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து மறுநாளே முடித்துவிட வேண்டும். சூடாக்கும்போது மீன் துண்டுகளைத் துளையகப்பையால் வெளியே எடுத்துவிட்டு, சூப்பைக் குறைந்த சூட்டில் கிளறியபடி ஆவி பறக்கும் வரை சூடாக்கி, இறக்கிய பிறகு துண்டுகளை மீண்டும் போட்டு மூடி வையுங்கள்.