விமர்சகர் எதற்கு? மதுரை ரசிகர்களின் கேள்விகளும் என் பதில்களும்

செல்லூர்: படம் நல்லா இருக்கா இல்லையா என்று எங்களுக்கே தெரியும். விமர்சகர் எதற்கு அண்ணே?

ஏன் நல்லா இருக்கிறது என்று சொல்வதற்கு. இயக்குநர் மகேந்திரன் நம்ம அமெரிக்கன் கல்லூரியில் படித்தவர். அப்புறம் காரைக்குடி அழகப்பா கல்லூரி விழாவில் எம்.ஜி.ஆரை வைத்துக்கொண்டே தமிழ் சினிமாவின் குறைகளைப் பேசினார். எம்.ஜி.ஆர் பாராட்டினார். பிறகு மகேந்திரன் துக்ளக் பத்திரிகையில் விமர்சனமும் எழுதினார். 1979இல் 'உதிரிப்பூக்கள்' எடுத்ததும் அவர்தான்.

திருமங்கலம்: புதுப் படங்களுக்கு எத்தனை ஸ்டார்?

ஸ்டார் கொடுப்பதில்லை. படம் பார்க்கும் முன் விமர்சனம் படிக்காதீர்கள்.

மேலூர்: 'உதிரிப்பூக்கள்' முடிவில் ஊரார் செய்தது நியாயமா?

ஊரே கூடி, படத்தின் வில்லன் சுந்தரவடிவேலுவை ஆற்றில் இறங்கிச் சாகச் சொல்கிறது. கெட்டவனுக்குத் தண்டனை என்பது மட்டும்தான் கதை என்றால் அதோடு விட்டிருக்கலாம். ஆனால் இறங்குமுன் அவன், உங்களையும் என்னை மாதிரி ஆக்கிவிட்டேனே, அதுதான் நான் செய்ததிலேயே பெரிய தப்பு என்கிற பொருளில் பேசுகிறான். பிறகு கரையில் அவன் பிள்ளைகள் இரண்டும். அம்மா ஏற்கெனவே இல்லை. ஊர் கொடுத்த தண்டனை யார் தலையில் விழுகிறது என்று பாருங்கள். எனக்கு அது நியாயமாகத் தெரியவில்லை.

பழங்காநத்தம்: மகேந்திரன் இவ்வளவு யோசித்திருப்பாரா? நீங்களே ஏற்றிச் சொல்கிறீர்கள்.

ஏற்றிச் சொல்வது வேறு, எடுத்துச் சொல்வது வேறு. படத்துக்கு மூலம் புதுமைப்பித்தனின் 'சிற்றன்னை' குறுநாவல். அதில் இந்த ஆற்றங்கரை முடிவு கிடையாது. இல்லாத ஒன்றைத் தேடிச் சேர்த்தவர் யோசிக்காமலா சேர்த்திருப்பார்?

மேலூர்: அப்படியென்றால் யார் என்ன அர்த்தம் சொன்னாலும் சரியா?

இல்லை. எந்தக் காட்சி, எந்த வசனம் என்று காட்ட வேண்டும். காட்ட முடியாவிட்டால் அது உங்கள் கதை, படத்தின் கதை இல்லை.

பழங்காநத்தம்: எங்க அப்பா இதையெல்லாம் ஆராயவில்லை. அழுதுவிட்டு வந்தார், அவ்வளவுதான்.

எந்த இடத்தில் அழுதார் என்று கேளுங்கள் தம்பி. கேட்டு இங்கே எழுதுங்கள். என் பதிலைவிட அது முக்கியம்.

ஆரப்பாளையம்: உங்கள் ரேட்டிங்?

மேலே சொல்லியாயிற்று. பார்க்கும் முன் விமர்சனம் வேண்டாம், மறுபடியும் சொல்கிறேன்.

வில்லாபுரம்: தங்கம் தியேட்டர் பற்றிச் சொல்லுங்கள்.

1952இல் 'பராசக்தி'யோடு திறந்த தியேட்டர். அந்த வரலாற்றுக்குத் தனியாக ஒரு நாள் வேண்டும்.

பழங்காநத்தம்: அப்பாவிடம் கேட்டேன். ஆற்றங்கரையில் இல்லையாம், அந்த அம்மா சாகும் இடத்தில்தானாம்.

அப்படியா! அந்தக் காட்சியை இன்று ராத்திரி திரும்பப் பார்க்கிறேன். மற்ற கேள்விகளுக்கு நாளை.